நடுவரின் வாசலில்

லூக்கா நற்செய்தியின் 18ஆம் அதிகாரத்தில் பெயரில்லாத கைம்பெண் ஒருத்தி வருகிறாள். கடவுளுக்கு அஞ்சாத, மனிதரையும் மதிக்காத நடுவர் ஒருவரிடம் அவள் திரும்பத் திரும்பச் செல்கிறாள். தன் எதிராளியிடமிருந்து தனக்கு நீதி வேண்டும் என்பதைத் தவிர அவள் வேறொன்றும் கேட்கவில்லை. மனந்தளராமல் மன்றாட வேண்டும் என்பதற்காக இயேசு சொன்ன உவமை இது என்பதை நாம் அறிவோம். மறையுரைகளிலும் அவ்வாறே கேட்டு வந்திருக்கிறோம். ஆயினும் ஒன்றை நாம் பெரும்பாலும் எண்ணிப் பார்ப்பதில்லை. மன்றாட்டுக்கு எடுத்துக்காட்டாக ஆண்டவர் நம் கண்முன் நிறுத்தியது நீதிமன்றத்தின் படியேறிய ஒரு பெண்ணை!

நம் தமிழ் விவிலியம் அந்த நீதிபதியை 'நடுவர்' என்று அழைக்கிறது. தமிழ்நாட்டு நீதிமன்றங்களில் மாஜிஸ்திரேட்டுக்கும் 'நடுவர்' என்பதே பெயர். இரு தரப்புக்கும் நடுவில் நிற்பவர் என்பது அதன் பொருள். உவமையில் வரும் கைம்பெண்ணின் எதிராளி எங்கோ வெளியில் இருந்தான். எதிராளி தன் வீட்டுக்குள்ளேயே, தன்னோடு பீடத்தின் முன் கைகோத்து நின்ற ஒருவராகவே இருந்துவிட்டால், ஒரு பெண் எந்த நடுவரிடம் செல்வாள்?

இக்கேள்வி நமக்கு அந்நியமானதன்று. 2019-21ஆம் ஆண்டுகளில் நடந்த தேசியக் குடும்பநல ஆய்வின்படி, தமிழ்நாட்டில் மணமான 18 முதல் 49 வயது வரையுள்ள பெண்களில் நூற்றுக்கு 38 பேர் கணவரின் வன்முறையை அனுபவித்ததாகக் கூறியுள்ளனர். நம் பங்கு ஆலயங்களில் முக்காடிட்டு அமர்ந்திருக்கும் பெண்களை மட்டும் இந்த எண்ணிக்கை தீண்டாமல் விலகிச் சென்றிருக்கும் என்று எண்ண நமக்குக் காரணம் ஏதுமில்லை. 'அடிக்கிற கைதான் அணைக்கும்' என்ற பழமொழி நம் வீடுகளிலும் வழங்குகிறது. அணைக்கிற கை எப்படி அடித்தது என்று கேட்கும் பழமொழி ஒன்று நம்மிடம் இல்லை.

உடலைக் காக்க வந்த சட்டம்

2005க்கு முன் இத்தகைய பெண்ணின் முன் பெரும்பாலும் இரண்டு கதவுகளே இருந்தன. ஒன்று காவல் நிலையம். 1983இல் இந்தியத் தண்டனைச் சட்டத்தில் சேர்க்கப்பட்ட 498அ பிரிவின் கீழ் கணவர்மீது குற்ற வழக்குத் தொடரலாம். 2024 ஜூலை முதல் அப்பிரிவின் இடத்தில் பாரதிய நியாய சன்ஹிதாவின் 85ஆம் பிரிவு உள்ளது. மற்றொன்று மணவழக்கு மன்றம். அங்கே கிறிஸ்தவப் பெண்ணின் நிலை மேலும் இரங்கத்தக்கதாக இருந்தது. 1869ஆம் ஆண்டின் மணமுறிவுச் சட்டம், கணவரின் கொடுமை ஒன்றை மட்டும் காரணமாகக் காட்டி மணமுறிவு கேட்க மனைவியை அனுமதிக்கவில்லை. அதனுடன் விபசாரமும் சேர்ந்திருக்க வேண்டும் என்றது. 2001ஆம் ஆண்டில்தான் இது திருத்தப்பட்டது.

வியப்பு என்னவெனில், அதே 1869ஆம் ஆண்டுச் சட்டத்தில் 'பாதுகாப்பு ஆணைகள்' என்ற தலைப்பில் ஒரு பகுதி உண்டு. கணவரால் கைவிடப்பட்ட மனைவியருள் சிலர், தாம் சம்பாதித்த பொருளைக் கணவரும் அவருடைய கடன்காரர்களும் பறித்துக்கொள்ளாதவாறு நீதிமன்றத்தின் ஆணையைப் பெற அது வழிசெய்தது. பொருளுக்கு அன்றே வேலி கிடைத்தது. பெண்ணின் உடலுக்கும் மானத்துக்கும் வேலி கிடைக்க மேலும் 136 ஆண்டுகள் ஆயின!

அந்த வேலிதான் 2005ஆம் ஆண்டின் குடும்ப வன்முறையிலிருந்து பெண்களைப் பாதுகாக்கும் சட்டம். 2006 அக்டோபர் 26 முதல் அது நடைமுறையில் உள்ளது. கணவரைச் சிறைக்கு அனுப்புவதும் மணத்தை முறிப்பதும் இச்சட்டத்தின் முதல் நோக்கமல்ல. அடியை நிறுத்துவது, பெண்ணுக்கும் பிள்ளைகளுக்கும் கூரையையும் உணவையும் உறுதிசெய்வது ஆகியவையே அதன் நோக்கம். திருமணத்தைப் பிரிக்க முடியாத அருட்சாதனமாக மதிக்கும் கத்தோலிக்கப் பெண்ணுக்கு இதைவிடப் பொருத்தமான சட்டம் வேறில்லை என்றே நாம் கருதுகிறோம்.

ஒரு படிவம் வாசிக்கப்பட்டபோது

கடலோரப் பங்கு ஒன்றில் மீன் விற்றுப் பிழைக்கும் சகோதரி ஒருவருக்குத் துணையாக நாம் மாவட்டச் சமூக நல அலுவலகத்துக்குச் சென்றிருந்தோம். இச்சட்டத்தின் கீழ் நியமிக்கப்பட்ட பாதுகாப்பு அலுவலர் அங்கே இருந்தார். குடும்ப நிகழ்வு அறிக்கை என்னும் படிவத்தை எடுத்து ஒவ்வொரு வரியாக வாசித்தார். அடித்தாரா, உதைத்தாரா, தள்ளினாரா என்ற வினாக்களுக்கு அச்சகோதரி பழகிப்போன குரலில் ஆம் என்றார். பிறகு அலுவலர், "நீங்கள் சம்பாதித்த பணத்தைப் பறித்துக்கொண்டாரா? வேலைக்குப் போகவிடாமல் தடுத்தாரா? வீட்டைவிட்டு வெளியே தள்ளினாரா? ஆண் குழந்தை இல்லை என்று பழித்தாரா?" என்று கேட்டுக்கொண்டே போனார். சகோதரி நிமிர்ந்து பார்த்தார். "இதெல்லாமுமா எழுதுவீங்க?" என்றார்.

ஆம், இவை எல்லாவற்றையும் சட்டம் வன்முறை என்றே எழுதுகிறது. உடலைத் தாக்குவதைப் போலவே பாலியல் கொடுமை, சொல்லாலும் உள்ளத்தாலும் வதைத்தல், பொருளாதார வகையில் வதைத்தல் ஆகியவையும் அதன் வரையறைக்குள் அடங்கும். கூடையை இறக்கி வைத்த மறுகணமே அன்றைய காசு பறிபோவதைப் பதினோரு ஆண்டுகளாகத் தம் தலைவிதி என்றே எண்ணியிருந்தார் அச்சகோதரி. அதற்கும் ஒரு பெயர் உண்டு என்று அன்றுதான் அறிந்தார்.

"உங்களுக்கு என்ன வேண்டும் என்று எழுதட்டும்?" என்று அலுவலர் கேட்டார். சகோதரி சற்று நேரம் யோசித்தார். "அவரை உள்ளே போடச் சொல்லலம்மா. என்னைய வெளியே போடாம இருந்தாச் சரி."

சட்ட நூல்கள் பல பக்கங்களில் விளக்கும் செய்தியை அவர் ஒரே மூச்சில் சொல்லி முடித்தார்.

ஆணை பிறக்கும் வழி

நம் வாசகர்களில் யாருக்கேனும், அல்லது அவர்களுடைய மகளுக்கோ தங்கைக்கோ இது பயன்படக்கூடும் என்பதால் வழிமுறையைச் சற்று விரித்துரைப்பது நம் கடமை.

மனுவைப் பெண்ணே தரலாம். அவர் சார்பில் பாதுகாப்பு அலுவலரோ வேறொருவரோ தரலாம். அடிபட்டுத் தாய்வீட்டில் தஞ்சம் புகுந்திருந்தால், அந்த ஊருக்குரிய நடுவர் மன்றத்திலேயே மனு செய்யலாம். கணவரின் ஊருக்குச் செல்ல வேண்டியதில்லை. வருமானம் எவ்வளவாயினும் பெண்களுக்குச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவின் வழியாக இலவசமாக வழக்கறிஞரின் உதவி கிடைக்கும். மனு கிடைத்த மூன்று நாள்களுக்குள் முதல் விசாரணையும், அதிலிருந்து அறுபது நாள்களுக்குள் முடிவும் வேண்டும் என்பது சட்டத்தின் எண்ணம். நடைமுறையில் வாய்தாக்கள் நீண்டு மாதங்கள் கழிவதை நீதிமன்றத் தாழ்வாரத்தில் காத்திருந்த எவரும் அறிவர். அதனால்தான் இடைக்கால ஆணை இன்றியமையாததாகிறது. ஆபத்து உண்மையென்று முதல் நோக்கில் தோன்றினால், பெண்ணின் பிரமாண வாக்குமூலத்தைக் கொண்டே, எதிர்த்தரப்பு வருமுன்னரும் நடுவர் இடைக்கால ஆணை பிறப்பிக்கலாம். தேவையெனில் வழக்கை மூடிய அறைக்குள் விசாரிக்கலாம்; குடும்பத்தின் கண்ணீர் கூட்டத்தின் வேடிக்கையாக வேண்டியதில்லை.

ஆணைகள் பலவகை. பாதுகாப்பு ஆணை வன்முறை செய்யக்கூடாது எனத் தடுக்கிறது; பெண் வேலை செய்யும் இடத்துக்கோ பிள்ளைகளின் பள்ளிக்கோ சென்று தொல்லை தரக்கூடாது என்றும், தொடர்புகொள்ளக் கூடாது என்றும், கூட்டாக உள்ள சொத்தை விற்கக் கூடாது என்றும் விதிக்கலாம். வசிப்பிட ஆணை, வீட்டிலிருந்து பெண்ணை வெளியேற்றக்கூடாது என்கிறது. தேவையெனில் கணவரை வெளியேறச் சொல்கிறது. செலவுக்குப் பணமும், பிள்ளைகளைத் தற்காலிகமாகத் தாயின் பொறுப்பில் விடுவதும், இழப்பீடும் வேறு ஆணைகளாக வரும். ஆணையின் படி இலவசமாக இரு தரப்பினருக்கும் அவ்விடத்துக் காவல் நிலையத்துக்கும் தரப்பட வேண்டும். பாதுகாப்பு ஆணை, பெண் தாமே வேண்டாம் என்று மனு செய்யும்வரை நீடிக்கும்.

"வீடு மாமனார் பெயரில் இருக்கிறதே" என்று தயங்குவோர் பலர். அத்தயக்கத்துக்கு 2006ஆம் ஆண்டின் உச்சநீதிமன்றத் தீர்ப்பு ஒன்று இடம் தந்திருந்தது. 2020 அக்டோபரில் அதே நீதிமன்றம் அதைத் தவறென்று கூறி, மணவாழ்வில் பெண் வாழ்ந்த வீடு கணவரின் உறவினருக்குச் சொந்தமானதாயினும் அங்கே வசிக்கும் உரிமையை அவர் கோரலாம் என்று தீர்ப்பளித்தது. மேலும் இச்சட்டம் மனைவியருக்கு மட்டும் உரியதன்று. மகனிடம் அடிபடும் முதிய தாயும், அண்ணனால் துரத்தப்படும் தங்கையும் இதே நடுவரிடம் செல்லலாம். 2016ஆம் ஆண்டின் தீர்ப்புக்குப் பிறகு, கொடுமை செய்தவர் பெண்ணாயினும் அவர்மீதும் மனு செய்யலாம்.

ஆண்கள் பக்கம் நியாயம் இல்லையா என்று சிலர் வினவுவர். நடுவர் இரு தரப்பையும் கேட்கிறார். சூழ்நிலை மாறினால் ஆணையை மாற்றும்படி கணவரும் மனு செய்யலாம். முப்பது நாள்களுக்குள் செஷன்ஸ் நீதிமன்றத்தில் மேல்முறையீடும் செய்யலாம். அடிக்காதே என்ற ஆணையால், அடிக்காதவர் இழப்பது ஏதுமில்லை.

ஊர் என்ன செய்தது?

நாம் குறிப்பிட்ட சகோதரிக்கு இரண்டாம் வாய்தாவில் இடைக்கால ஆணை கிடைத்தது. அதை நெகிழி உறையிலிட்டு, குடும்ப அட்டையோடும் பிள்ளைகளின் திருமுழுக்குச் சான்றிதழ்களோடும் சேர்த்து வைத்துக்கொண்டார். ஆனால் காகிதம் கதவாகிவிடாது. மூன்றாம் வாரத்தில் ஓர் இரவு, கணவர் குடித்துவிட்டு வந்து கதவை உதைத்தார். ஆணையை மீறுவது தனிக் குற்றம். ஓராண்டு வரை சிறையோ இருபதாயிரம் ரூபாய் வரை அபராதமோ இரண்டுமோ விதிக்கலாம். பிடிவாரண்டின்றிக் காவல்துறை கைது செய்யலாம். சட்டம் இவ்வளவு சொல்லியிருந்தும், நிலையத்தில் அன்றிரவு பணியில் இருந்தவர் சொன்னது, "புருஷன் பொண்டாட்டி விவகாரம், காலையில் பேசிக்கலாம்" என்பதே.

அந்தச் சொல்லைக் கேட்டு அவர் திரும்பிவிடவில்லை. அதற்குக் காரணம் அவர் தனியாகச் செல்லவில்லை என்பதுதான். பக்கத்து வீட்டு மூதாட்டியும் அன்பியத்தைச் சேர்ந்த இரு பெண்களும் அந்நேரத்தில் உடன் சென்றிருந்தனர். "ஆணையின் நகல் உங்கள் நிலையத்திலும் இருக்கும், எடுத்துப் பாருங்கள்" என்று அவர்களுள் ஒருவர் சொன்னார். நகல் தேடி எடுக்கப்பட்டது. வழக்கும் பதிவாயிற்று. ஆணைக்கு உயிர் வந்தது அவ்விரவில்தான்.

பிறகு வேறொரு சோதனை வந்தது. ஊர்த் திருவிழா நெருங்கவே, பெரியவர் ஒருவர் அவரை அழைத்து, கொடியேற்றத்துக்கு முன் வழக்கை வாபஸ் வாங்கிவிட்டால் ஊருக்கு நல்லது என்றார். சகோதரி மரியாதையாகவே மறுமொழி சொன்னார்: "பெரியப்பா, சப்பரம் தெருவுல வரும்போது நானும் எம்புள்ளைகளும் எங்க வீட்டு வாசல்ல நிக்க வேண்டாமா?" பெரியவர் மேற்கொண்டு பேசவில்லை.

கதை இனிதே முடிந்தது என்று எழுத நமக்கும் ஆசைதான். கணவர் தற்போது தம் தாயின் வீட்டில் இருக்கிறார், கடலுக்குச் செல்கிறார். நடுவர் விதித்த தொகையைச் சில மாதங்களில் தருகிறார். சில மாதங்களில் தருவதில்லை. குடியை எந்த ஆணையாலும் நிறுத்த முடியாது. ஆனால் சகோதரியின் கூடைக் காசு அவர் மடியிலேயே இருக்கிறது. பிள்ளைகள் இரவில் உறங்குகின்றனர்.

கடவுள் இணைத்ததும் மனிதர் உடைப்பதும்

கடவுள் இணைத்ததை மனிதர் பிரிக்கலாகாது என்பது நம் விசுவாசம். அப்படியாயின் நீதிமன்றம் செல்வது அருட்சாதனத்துக்கு எதிரானதாகாதா என்று நல்லெண்ணம் உடையோரும் கேட்கின்றனர். நடுவரின் ஆணை திருமணக் கட்டை அவிழ்ப்பதில்லை. அன்பிலும் மதிப்பிலும் காப்பேன் என்று பீடத்தின் முன் மணமகன் தந்த வாக்கின் மிகச்சிறிய பகுதியை, அதாவது தீங்கு செய்யமாட்டேன் என்பதை மட்டுமே, அது கட்டளையாக எழுதுகிறது. திருமணத்தை உடைப்பது ஓங்கிய கை. அதைப் பிடித்து நிறுத்தும் கையன்று.

திருச்சபையும் இதை அறியாததன்று. 1983ஆம் ஆண்டின் திருச்சபைச் சட்டத் தொகுப்பில் 1153ஆம் சட்டம், துணைவர் ஒருவரால் மற்றவருக்கோ பிள்ளைகளுக்கோ ஆன்மாவிலோ உடலிலோ கடும் ஆபத்து நேருமாயின், பிரிந்து வாழ அது முறையான காரணம் என்கிறது. இதற்கு ஆயரின் ஆணை வேண்டும். காலந்தாழ்த்துவது ஆபத்தெனில் தாமாகவே பிரிந்து செல்லலாம். மறைந்த திருத்தந்தை பிரான்சிஸ் 2016இல் வெளியிட்ட 'அன்பின் மகிழ்வு' என்னும் ஊக்கவுரையில் பெண்கள்மீதான வன்முறையைக் கண்டிக்கிறார். பலவீனமான துணைவரையும் சிறு பிள்ளைகளையும் காப்பதற்காகச் சில வேளைகளில் பிரிவு நன்னெறிப்படி தேவையானதாகவும் ஆகலாம் என்று ஏற்கிறார். மனைவியை மதியாத கணவரின் மன்றாட்டே தடைபடும் என்று பேதுருவின் முதல் திருமுகம் எச்சரிப்பதையும் நாம் மறத்தலாகாது.

பொறுமைக்கு எடுத்துக்காட்டாகப் புனித மோனிக்காவைக் காட்டுவோர் உண்டு. அவருடைய மகன் அகுஸ்தீனார் எழுதியதைக் கவனித்தால், அவ்வூர்ப் பெண்கள் பலர் முகத்தில் அடியின் தழும்போடு திரிந்தனர் என்பதும், முன்கோபியான கணவர் இருந்தும் மோனிக்கா அடிபடவில்லை என்பதும் தெரியவரும். அப்பெண்களுக்கு அவர் கூறிய பணிவின் அறிவுரை அக்கால உலகத்துக்குரியது. மகனுக்காக அவர் சிந்திய கண்ணீருக்காகவே நாம் அவரை வணங்குகிறோம்; தழும்புகளுக்குச் சமாதானம் சொல்ல அவரை அழைப்பது முறையன்று. திருக்குடும்பத்தின் காவலரான சூசையப்பரோ, ஆபத்து வருகிறது என்று அறிந்த அந்த இரவிலேயே தாயையும் சேயையும் அழைத்துக்கொண்டு புறப்பட்டார். பொறுத்துக்கொள் என்று மரியாவிடம் அவர் சொல்லவில்லை.

மன்னிப்பு வேறு, பாதுகாப்பு வேறு. எழுபது முறை ஏழு தடவை மன்னிப்பது அப்பெண்ணின் அருள். அதை அவரிடமிருந்து கேட்டு வாங்கும் அதிகாரம் நமக்கில்லை. மன்னித்த பின்னும் இரவில் கதவைத் தாழிடலாம்.

இனி நம் பங்குகள் செய்யக்கூடியவை எளியவை. திருமணத் தயாரிப்பு வகுப்பில் இச்சட்டத்தைப் பற்றி ஒரு மணி நேரம் பேசலாம். பெண்கள் உதவி எண்ணான 181ஐ ஆலய அறிவிப்புப் பலகையில் எழுதி வைக்கலாம். அடிபட்டு வந்தவரை அன்றே கணவரோடு அமர்த்திச் சமாதானம் பேசாமல், முதலில் அவர் உறங்க ஓர் இடமும், மருத்துவரின் சீட்டைப் பத்திரப்படுத்தும் அறிவுரையும் தரலாம். நீதிமன்றம் செல்லும் நாளில் ஒருவர் துணை செல்லலாம். சாட்சி சொல்ல வேண்டி வந்தால், கேட்டதைக் கேட்டேன் என்று சொல்லலாம்.

அந்தக் கைம்பெண்ணின் உவமையை இயேசு ஒரு வினாவோடு முடிக்கிறார். மானிட மகன் வரும்போது மண்ணுலகில் நம்பிக்கையைக் காண்பாரோ என்பது அவ்வினா. அவர் நம் தெருவுக்கு வரும் இரவில் ஏதோ ஒரு வீட்டின் கதவு உதைபட்டுக்கொண்டிருந்தால், விளக்கை அணைத்துவிட்டுப் படுத்திருப்பவர்களாக அல்லாமல், விளக்கை ஏற்றிக்கொண்டு அந்த வாசலுக்குச் சென்றவர்களாக அவர் நம்மைக் காண்பாராக.